வன்தட்டில் எல்லை மாற்றும் முறை

யாழ்ப்பாணத்துக் கிராமங்களிலே காணிக்கு எல்லை கதியால் வேலி. ஒரு கதியாலைப் பிடுங்கி அடுத்த சாணில் நடுவதற்கு அரை நாழிகைகூட வேண்டியதில்லை. ஆயினும், அந்தச் சாணுக்குள் அயலவருடைய பனை நிற்கிறதா, கிணற்றுக் கட்டு வருகிறதா, உறுதியிலே எழுதிய அளவு யாது என்று பாராமல் வேலியை நகர்த்தியவர், அதன் விளைவைத் தீர்ப்பதற்கு ஆண்டுக்கணக்காக நீதிமன்றப் படி ஏற வேண்டியிருக்கும். கணினித் துறையிலும் இதற்கு ஒப்பான ஒரு வேலை உண்டு. வன்தட்டிலுள்ள பிரிவுகளின் அளவை மாற்றுவதே அவ்வேலை. கட்டளை ஒரு வரி; எடுக்கும் நேரம் சில விநாடி. தவறினாலோ, ஓர் அலுவலகம் பல ஆண்டுகளாகச் சேர்த்த கணக்கு முழுவதும் படிக்க இயலாத குப்பையாகிவிடும்.

சேவையகம் என்பது ஒரே வேளையில் பலருக்குப் பணிசெய்யும் கணினி. பேச்சு வழக்கில் அதனைச் சேர்வர் என்பர். வங்கியில் மீதி பார்ப்பவரும், வைத்தியசாலையில் இலக்கம் பெறுபவரும், பரீட்சைப் பெறுபேற்றை வீட்டிலிருந்தே தேடும் மாணவரும் தாம் அறியாமலே எங்கோ ஒரு சேவையகத்தின் கதவைத் தட்டுகின்றனர். அவர்களுடைய பெயரும் பணமும் மருந்துக் குறிப்பும் அதனுள்ளே பதிந்திருக்கின்றன. எனவே, அந்த இயந்திரத்தைப் பராமரிக்கும் நிருவாகி தட்டின் எல்லையிலே கைவைக்கும்போது, தம் சொத்திலன்று, பிறர் சொத்திலே கைவைக்கிறார்.

வன்தட்டின் வரலாறு 1956ஆம் ஆண்டில் தொடங்குகிறது. அவ்வாண்டில் ஐ.பி.எம். நிறுவனம் வெளியிட்ட ராமாக் என்னும் கணினியில் 50 தட்டுகள் ஒன்றன்மேல் ஒன்றாகச் சுழன்றன. அவை யாவும் சேர்ந்து 50 இலட்சம் எழுத்துகளையே தாங்கின. இன்றைய கைத்தொலைபேசியிலே பிடிக்கும் இரண்டொரு நிழற்படங்களுக்கே அவ்வளவு இடம் போய்விடும். பின்னர் 1983ஆம் ஆண்டில், அதே நிறுவனத்தின் மேசைக் கணினி ஒன்று 10 மெகாபைற்று வன்தட்டுடன் வந்தது. அதனோடு வந்த டொஸ் 2.0 என்னும் பணிசெயல் முறைமை, தட்டின் தொடக்கத்திலே ஒரு சிறிய அட்டவணையை எழுதி வைத்தது. தட்டு முழுவதும் 512 பைற்று கொண்ட கூறுகளாக எண்ணப்படும். முதற் கூற்றினுள்ளே 64 பைற்றுகள் இவ்வட்டவணைக்கு உரியவை. வரிக்கு 16 பைற்றாக நான்கு வரிகள். ஒவ்வொரு வரியும் ஒரு பிரிவு எந்தக் கூற்றில் தொடங்குகிறது, எத்தனை கூறு நீளமானது என்று கூறும். ஒரு பெரிய தட்டை நான்கு காணித்துண்டுகளாகப் பிரித்த உறுதி என்று இதனைக் கொள்ளலாம்.

எம்.பி.ஆர். எனப்படும் இவ்வமைப்பு ஏறக்குறைய 2.2 தெராபைற்றுக்கு மேல் எண்ண வல்லதன்று. ஆதலால் பெரிய தட்டுகளுக்கு ஜி.பி.ரி. என்னும் புதிய அமைப்பு வந்தது. அதிலே வழக்கமாக 128 பிரிவுகளுக்கு இடமுண்டு. அட்டவணையின் பிரதியொன்று தட்டின் கடைசியிலும் எழுதப்பட்டிருக்கும். இந்தக் கடைசிப் பிரதியைப் பற்றி மீண்டும் கூற வேண்டியிருக்கிறது.

சேவையகத்திலே பிரிவுகள் வேண்டப்படுவதற்குத் தக்க காரணம் உண்டு. சேவையகம் ஒவ்வொரு கணமும் தன் நடவடிக்கைகளைக் குறிப்பேட்டிலே எழுதிக்கொண்டிருக்கிறது. ஏதேனும் ஒரு கோளாறினால் அக்குறிப்புகள் ஓரிரவிலே பெருகினால், அவை தட்டு முழுவதையும் நிரப்பிவிடும். எழுத இடமின்றேல் தரவுத்தளம் நின்றுவிடும்; மின்னஞ்சல் நின்றுவிடும். குறிப்பேட்டுக்குத் தனியே ஒரு பிரிவை ஒதுக்கியிருந்தால், வெள்ளம் அந்த அறையோடு நிற்கும். ஆனால், இன்று வகுத்த அளவு ஐந்தாண்டின் பின் பொருந்துவதில்லை. ஒரு பிரிவு நிரம்பி வழியும்போது, பக்கத்துப் பிரிவு வெறிதே கிடக்கும். அப்பொழுதுதான் நிருவாகிக்கு எல்லையை மாற்றும் எண்ணம் எழுகிறது.

அந்த எண்ணம் எழுந்ததும் முதலிற் கேட்க வேண்டிய கேள்வி, மாற்றம் உண்மையிலேயே வேண்டுமா என்பது. பழைய குறிப்பேடுகளைச் சுருக்கி வேறிடத்திற்கு அனுப்பினாலே போதுமானதாக இருக்கலாம். புதிய தட்டு ஒன்றைப் பூட்டி, அதிகமாக வளரும் கோப்புகளை அதற்கு மாற்றலாம். லினக்ஸ் முறைமையில் பெரிதும் வழங்கும் எக்ஸ்ற்4 என்னும் கோப்பு முறைமை, வழக்கமாக நூற்றுக்கு ஐந்து பங்கு இடத்தை முதன்மைப் பயனருக்கென ஒதுக்கி வைக்கிறது. தரவு மட்டுமே கொண்ட பெரிய பிரிவிலே அவ்வொதுக்கத்தைக் குறைத்தாலே கணிசமான இடம் கிடைத்துவிடும். தொடாத வேலியால் வழக்கு வருவதில்லை.

தொட்டே ஆகவேண்டுமென்றால், ஓர் உண்மையைத் தெளிவாக அறிந்திருத்தல் அவசியம். பிரிவு வேறு, கோப்பு முறைமை வேறு. பிரிவு என்பது அட்டவணையிலே எழுதிய எல்லை, அதாவது வேலி. கோப்பு முறைமை என்பது அவ்வேலிக்குள்ளே எந்தக் கோப்பு எந்தக் கூற்றில் இருக்கிறது என்று கணக்கு வைத்திருக்கும் குடித்தனம். வேலியை நகர்த்தினால் குடித்தனம் தானாக நகராது. குடித்தனம் ஒடுங்கினாலும் வேலி தானாக ஒடுங்காது. இவ்விரண்டும் ஒன்றே என்ற மயக்கமே பெரும்பாலான விபத்துகளுக்கு மூலம்.

இதிலிருந்து பிறக்கும் விதி ஒன்றே. பெருக்கும்போது வெளியிலிருந்து உள்ளே செல்ல வேண்டும். சுருக்கும்போது உள்ளிருந்து வெளியே வரவேண்டும். பெருக்குவதாயின் முதலில் வேலியைத் தள்ளிப் போட்டு, அதன் பின் குடித்தனத்தைப் பரப்புக. சுருக்குவதாயின் முதலில் குடித்தனத்தை உள்ளே ஒடுக்கி, அதன் பின்பே வேலியைக் கிட்டக் கொண்டுவருக. இந்த வரிசை தலைகீழானால், வேலிக்கு வெளியே வீட்டின் ஒரு பாதி நிற்கும். அந்தப் பாதியிலே வேறொருவர் கட்டிடம் எழுப்பத் தொடங்குவார்.

சுருக்குவதையே முதலிற் பார்க்கலாம், அதுவே கடினமானது. 300 கிகாபைற்றுப் பிரிவொன்றில் 120 கிகாபைற்றுத் தரவு இருக்கிறது என்று கொள்வோர், அதனை 200ஆகக் குறைக்க விரும்புகின்றனர். எக்ஸ்ற்4 முறைமையாயின், அப்பிரிவு பயன்பாட்டிலிருந்து முதலில் விலக்கப்பட வேண்டும். பணிசெயல் முறைமையே அதில் குடியிருந்தால் இயங்கிக்கொண்டே விலக்குதல் இயலாது; வேறு ஊடகத்திலிருந்து கணினியைத் தொடக்க வேண்டும். இரண்டாவதாக, கோப்பு முறைமையில் பழுதுண்டா என்று முழுச் சோதனை செய்ய வேண்டும். மூன்றாவதாக, கோப்பு முறைமையை 200க்கன்று, 180க்கு ஒடுக்க வேண்டும். நான்காவதாக, பிரிவின் எல்லையை 200க்குக் கொண்டுவர வேண்டும். ஐந்தாவதாக, கோப்பு முறைமையை அவ்வெல்லை வரைக்கும் மீண்டும் பரவவிட வேண்டும். கடைசியாக, இன்னொரு முறை சோதனை. இடையிலே விட்ட 20 கிகாபைற்று வீணன்று. அது தச்சர் மரம் அறுக்கும்போது கோட்டுக்கு வெளியே விடும் விளிம்பு போன்றது.

விளிம்பு ஏன் அவ்வளவு அகலம் என்ற ஐயம் எழலாம். அளவையிலே ஒரு பொறி இருக்கிறது. ஒரு செய்நிரல் கிகாபைற்று என்பதை நூறு கோடி பைற்று என்று எண்ணும். இன்னொன்று 1024ஐ மும்முறை பெருக்கி, 107 கோடியே 37 இலட்சத்துக்கு மேற்பட்ட பைற்று என்று எண்ணும். கோப்பு முறைமையைப் பெரிய அளவையிலே 200க்கு ஒடுக்கிவிட்டு, வேலியைச் சிறிய அளவையிலே 200இல் நட்டால், 1,474 கோடிக்கு மேற்பட்ட பைற்றுகள் வேலிக்கு வெளியே நிற்கும். 190க்கு ஒடுக்கி 10 அலகு விளிம்பு விட்டாலும் போதாது. பெரிய அளவையில் 190 என்பது சிறிய அளவையில் 204ஆகும். ஆகவே, பழகிய கைகள் கிகாபைற்றை நம்புவதில்லை. கூறுகளின் எண்ணிக்கையையே எழுதிக் கணக்குப் பார்க்கின்றன. நில அளவையாளர் காலடியால் அளப்பதில்லை. சங்கிலி பிடித்தே அளப்பார்.

எல்லாக் கோப்பு முறைமைகளும் சுருங்க இணங்குவதில்லை. எக்ஸ்.எவ்.எஸ். என்பது சிலிக்கன் கிராபிக்ஸ் நிறுவனத்திலே தோன்றி, லினக்ஸுக்கு வந்து, பல சேவையகங்களிலே இன்று வழங்குவது. அது பயன்பாட்டில் இருக்கும்போதே பெருகும்; ஆனால் நடைமுறையிலே சுருங்காது. அதனைச் சிறிதாக்க வேண்டுமாயின், தரவு முழுவதையும் வேறிடத்திற்குப் பிரதி செய்து, சிறிய முறைமை ஒன்றைப் புதிதாக அமைத்து, தரவைத் திருப்பி வைப்பதே வழி. விண்டோஸ் சேவையகங்களிலே உள்ள என்.ரி.எவ்.எஸ். முறைமை சுருங்கும், எனினும் இடையிலே அசைக்கவியலாத கோப்பு ஒன்று கிடந்தால், பின்னால் எவ்வளவு வெற்றிடம் இருந்தாலும் அவ்விடத்தோடு நின்றுவிடும். எந்தக் குடித்தனம் எந்த இயல்புடையது என்று அறியாமல் அளவு பேசுதல் வீண்.

இனிப் பெருக்குதல். இக்காலத்திலே பல சேவையகங்கள் மெய்யான இயந்திரங்கள் அல்ல. ஒரு பெரிய இயந்திரத்தினுள்ளே அமைந்த மெய்நிகர் இயந்திரங்கள். அவற்றின் தட்டை 100இலிருந்து 200 கிகாபைற்றாக்குவது சில சொடுக்குகளிலே முடியும். ஆனால் உள்ளே சென்று பார்த்தால் இடம் கூடியிருக்காது. தட்டு பெருகிற்று, பிரிவு பெருகவில்லை, கோப்பு முறைமையும் பெருகவில்லை. ஒவ்வொரு படியையும் வெளியிலிருந்து உள்ளாக நடத்த வேண்டும். ஜி.பி.ரி. தட்டின் கடைசியிலே இருந்த அட்டவணைப் பிரதி இப்பொழுது நடுவிலே நிற்கும். அதனைப் புதிய கடைசிக்கு நகர்த்திய பின்னரே புதிய இடம் பயன்படும். விரிக்க வேண்டிய பிரிவை அடுத்தே வெற்றிடம் இருத்தலும் வேண்டும். இடையிலே இன்னொரு சிறு பிரிவு படுத்திருந்தால், அதனைத் தாண்டி இப்பிரிவு நீள முடியாது.

பிரிவை நீட்டுவதற்குப் பழைய முறையொன்று உண்டு. அட்டவணையிலுள்ள வரியை நீக்கி, அதே தொடக்கத்தில் நீண்ட வரியொன்றை எழுதுவது அது. கேட்பவருக்கு நெஞ்சு பகீரென்னும். ஆயினும் நீக்கப்படுவது எல்லைக்குறிப்பே அன்றித் தரவன்று. ஆனால் தொடக்கக் கூற்றின் எண் இம்மியளவும் மாறக்கூடாது. பழைய சேவையகங்களிலே முதற் பிரிவு 63ஆம் கூற்றில் தொடங்குவது வழக்கம். இன்றைய செய்நிரல்கள் 2048ஆம் கூற்றைத் தாமாகவே முன்மொழிகின்றன. அதனைப் பாராமல் ஒப்புக்கொண்டால், கோப்பு முறைமையின் தலைவாசல் வேலிக்கு வெளியே போய்விடும். இன்னும், அவ்விடத்தில் பழைய கோப்பு முறைமையின் அடையாளம் காணப்படுகிறது, அதனை அழிக்கலாமா என்று சில செய்நிரல்கள் கேட்கும். வேண்டாம் என்பதே விடை. பயன்பாட்டில் உள்ள தட்டாயின், பணிசெயல் முறைமை பழைய அட்டவணையையே நினைவில் வைத்திருக்கவும் கூடும். புதிய அட்டவணையை அது வாசித்துக்கொண்டதா என்று உறுதிப்படுத்தாமல் அடுத்த படிக்குச் செல்லலாகாது.

பிரிவின் முடிவை மாற்றுவது இவ்வாறாயின், அதன் தொடக்கத்தை மாற்றுவது முற்றும் வேறு செயல். அப்பொழுது உள்ளிருக்கும் தரவெல்லாம் ஒன்று விடாமல் பெயர்ந்து செல்ல வேண்டும். நூற்றுக்கணக்கான கிகாபைற்றுகள் பெயர மணிக்கணக்காகும். நடுவிலே மின்சாரம் நின்றால், பாதி பழைய இடத்திலும் பாதி புதிய இடத்திலுமாக வீடு பிளந்து நிற்கும். மின்தடை தாங்கும் மின்கல அமைப்பு இல்லாமல் இவ்வேலையைத் தொடங்குதல் தகாது. கூடுமானவரை இவ்வேலையையே தவிர்த்தல் நன்று.

இத்தகைய இடர்களைக் குறைக்கவே எல்.வி.எம். என்னும் ஏற்பாடு வந்தது. லினக்ஸுக்கென 1998ஆம் ஆண்டில் ஹைன்ஸ் மவுல்ஷாகன் என்பவர் இதனை எழுதத் தொடங்கினார். இதிலே தட்டுகள் யாவும் ஒரு பொதுக் களஞ்சியத்தில் சேர்கின்றன. களஞ்சியம் சிறு பாத்திகளாக, வழக்கமாக 4 மெகாபைற்று அளவினவாக, வகுக்கப்பட்டிருக்கும். வேண்டிய பிரிவுக்கு வேண்டிய பாத்திகள் கொடுக்கப்படும்; அவை அடுத்தடுத்து இருக்க வேண்டும் என்ற நிபந்தனை இல்லை. பெருக்குதல் இதனால் எளிதாயிற்று. ஆனால் சுருக்கும் விதி மாறவில்லை. முதலில் கோப்பு முறைமை, பின்னரே பாத்திகள். எல்.வி.எம். இருக்கிறது என்ற துணிவிலே பாத்திகளை முதலில் பறித்தவர், பழைய விபத்தையே புதிய பெயரில் சந்திப்பார்.

இவ்வளவும் அறிந்தவருக்கும் காப்புப் பிரதி இன்றியமையாதது. அது வேறு தட்டில், கூடுமாயின் வேறு கட்டிடத்தில், இருக்க வேண்டும். இரண்டு தட்டுகளில் ஒரே தரவை எழுதும் இரட்டிப்பு ஏற்பாடு காப்புப் பிரதி ஆகாது. தவறான கட்டளையை அது இரண்டு தட்டுகளிலும் ஒருங்கே நிறைவேற்றிவிடும். எல்லாவற்றிலும் முக்கியமாக, பிரதியிலிருந்து தரவை மீட்டுப் பார்த்திருக்க வேண்டும்.

இதன் அருமையை உணர்த்திய நிகழ்ச்சியொன்று உலகறிய நடந்தது. 2017ஆம் ஆண்டு ஜனவரி 31ஆம் நாள், செய்நிரல்களைப் பேணும் கிற்லாப் என்னும் சேவையிலே, நெடுநேரம் உழைத்த பொறியியலாளர் ஒருவர், துணைச் சேவையகம் என்று எண்ணி முதன்மைச் சேவையகத்தின் தரவுத்தளக் கோப்புகளை நீக்கும் கட்டளையைக் கொடுத்துவிட்டார். ஓரிரு விநாடியிலே தவறை உணர்ந்து நிறுத்தினார். அதற்குள் ஏறக்குறைய 300 கிகாபைற்றிலே 4.5 கிகாபைற்றே எஞ்சிற்று. காப்புப் பிரதிகளைத் தேடியபோது, நாடோறும் எடுக்கப்பட்டதாக நம்பிய பிரதிகள் உண்மையில் எடுக்கப்படவேயில்லை என்று தெரிந்தது. பிரதி எடுத்த செய்நிரலின் பதிப்பு தரவுத்தளத்தின் பதிப்போடு பொருந்தவில்லை. அது தவறிற்று என்ற அறிவித்தல்களும் உரியவரைச் சென்று சேரவில்லை. வேறொரு தேவைக்காக ஏறக்குறைய ஆறு மணிநேரத்திற்கு முன் ஒருவர் கையால் எடுத்துவைத்த எல்.வி.எம். நிழற்பிரதி ஒன்றே அவர்களைக் காப்பாற்றிற்று. அந்த ஆறு மணிநேரத் தரவுத்தளப் பதிவுகள் திரும்பவில்லை. அந்நிறுவனம் நடந்ததை ஒளிக்காமல் முழுவதும் எழுதி வெளியிட்டது பாராட்டுக்குரியது.

அங்கே நடந்தது எல்லை மாற்றமன்று. எனினும் எல்லை மாற்றுவோருக்கு அதிலே இரண்டு பாடங்கள் உண்டு. தாம் நிற்கும் இயந்திரம் எது, தொடும் தட்டு எது என்று கட்டளைக்கு முன் சரிபார்த்தல் ஒன்று. மீட்டுப் பாராத பிரதியை இல்லாத பிரதியாகவே கொள்ளுதல் மற்றொன்று.

ஆகவே, முறையறிந்த நிருவாகி வேலைக்கு முதல் நாளே ஒரு தாளை எடுத்துக்கொள்கிறார். தட்டின் தொடரிலக்கம், ஒவ்வொரு பிரிவின் தொடக்கக் கூறு, நீளம், அதிலுள்ள கோப்பு முறைமையின் வகை, அளவு ஆகியவற்றை அதிலே எழுதுகிறார். அட்டவணை முழுவதையும் ஒரு கோப்பாக எடுத்து வேறிடத்தில் வைக்கிறார். செய்யப்போகும் படிகளை வரிசையாக எழுதி, ஒவ்வொன்றின் பின்னும் கிடைக்க வேண்டிய விடையையும் குறிக்கிறார். இயலுமாயின், அதே அமைப்புடைய வெற்று மெய்நிகர் இயந்திரமொன்றில் ஒருமுறை ஒத்திகை பார்க்கிறார். பயனர்களுக்கு முன்னறிவித்தல் கொடுத்து, சந்தடி குறைந்த வேளையைத் தெரிந்து, துணைக்கு ஒருவரை அமர்த்துகிறார். ஒருவர் தாளை வாசிக்க, மற்றவர் தட்டெழுதுகிறார். வாசிப்பவர் தலையசைத்த பின்பே கட்டளை செல்லும்.

இத்தனைக்கும் பின் தவறு நேர்ந்தால், செய்ய வேண்டியது ஒன்றுமே செய்யாதிருத்தல். கோப்பு முறைமையைத் திருத்தும் செய்நிரலை ஏவுவதும், புதிதாக வடிவமைப்பதும், கணினியை மீண்டும் மீண்டும் தொடக்கிப் பார்ப்பதும் அழிவைப் பெருக்கும். வேலி மட்டுமே தவறான இடத்தில் நடப்பட்டு, அதற்கு அப்பால் எதுவும் எழுதப்படாதிருந்தால், தாளில் எழுதிய பழைய எண்களை அட்டவணையில் மீண்டும் எழுதியவுடன் தரவு பெரும்பாலும் அப்படியே திரும்பிவிடும். எல்லைக்கோடு மாறியதால் அழியும் தரவு சிறிது. அதன் பின் அவசரப்பட்டு எழுதியதால் அழியும் தரவே பெரிது.

கணினி தன்னிடம் கூறியதைச் செய்யும். கூறியவர் கருதியதை அறியாது. ஓய்வூதியக் கணக்கு அடுத்த மாதமும் ஒரு முதியவருக்குச் சரியாகக் கிடைப்பதும், ஒரு நோயாளியின் பழைய குறிப்பு வைத்தியரின் கைக்கு எட்டுவதும், பல வேளைகளிலே, பெயர் தெரியாத ஒரு நிருவாகி நள்ளிரவிலே ஒரு தாளைப் பார்த்து, ஓர் எண்ணை இரண்டாம் முறையும் சரிபார்த்ததன் பயனாகவே இருக்கிறது.